மூன்று கதவு டொயோட்டா ஸ்டார்லெட் கார் எடுக்கப் போகிறீர்களா? பின்பக்கத் தகரத்தைத் தட்டிப் பார்க்காமல் காசு கொடுக்காதீர்கள்

வவுனியாவிலோ கிளிநொச்சியிலோ பழைய சிறிய கார் தேடிக்கொண்டிருப்பவர்கள் தயவுசெய்து இதை முழுமையாக வாசியுங்கள். ஒரே மாதிரிக் காரில் மூன்று கதவும் ஐந்து கதவும் பக்கத்தில் பக்கத்தில் நிற்க, விலை குறைவு என்பதற்காக மூன்று கதவை எடுக்க யோசிப்பவர்கள் கட்டாயம் வாசியுங்கள். எனக்கு நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன். விற்ற இடத்தின் பெயரை எழுதவில்லை. முறைப்பாடு இன்னும் மத்தியஸ்த சபையில் இருக்கிறது.

நாங்கள் விசுவமடுவில் இருக்கிறோம். அம்மாவுக்கு இரண்டு முழங்காலும் தேய்ந்துவிட்டன. மாதம் ஒரு முறை யாழ்ப்பாணத்துக்குக் கிளினிக் போக வேண்டும். பஸ்ஸில் போனால் பரந்தன் சந்தியில் இறங்கி மாறி ஏற வேண்டும். ஓட்டோவில் போனால் வந்து இரண்டு நாள் படுத்துவிடுவார். அதனால் 2023ஆம் ஆண்டு காலபோக நெல் விற்ற காசு, சீட்டுக் காசு, மனைவியின் ஒரு சோடிக் காப்பு எல்லாவற்றையும் சேர்த்து ஒரு கார் எடுப்பது என்று முடிவு செய்தோம். 2020 மார்ச்சில் வாகன இறக்குமதியை நிறுத்திய பிறகு பழைய கார்கள் என்ன விலைக்கு ஏறின என்பது உங்களுக்குத் தெரியும். எங்கள் கையில் இருந்தது 25 இலட்சம்.

தொண்ணூறுகளில் அப்பாவிடம் ஒரு பழைய ஒஸ்ரின் ஏ40 கார் இருந்தது. பெற்றோல் தடை இருந்த அந்தக் காலத்தில், சில சொட்டுப் பெற்றோல் விட்டு இயக்கி, பிறகு மண்ணெண்ணெயில் ஓட்டுவார். 2009இல் இடம்பெயர்ந்து போகும்போது அதை வழியில் விட்டுவிட்டுப் போனோம். அதன் பிறகு எங்கள் முற்றத்தில் கார் நின்றதில்லை. கார் வரப் போகிறது என்று தெரிந்ததும் அம்மா வேலியோரத்து முருங்கையை வெட்டுவித்து இடம் ஒதுக்கினார். அந்த இடத்தில் இன்று நிற்கும் காரைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

டொயோட்டா ஸ்டார்லெட் என்று தீர்மானித்ததில் எனக்கு இன்றும் வருத்தம் இல்லை. 1989 கடைசியில் வந்த ஈபி82 மாதிரி, 1331 சி.சி. என்ஜின். கிளிநொச்சியிலும் முல்லைத்தீவிலும் எந்தக் கராஜுக்குக் கொண்டுபோனாலும் வேலை தெரிந்த ஒருவர் இருப்பார். தயாரித்தவர்கள் நல்ல கார்தான் தயாரித்தார்கள். கெடுத்தவர்கள் பின்னால் வந்தவர்கள்.

வவுனியாவில் ஒரு வாகன விற்பனை நிலையத்தில் இரண்டு ஸ்டார்லெட் நின்றன. வெள்ளை நிற ஐந்து கதவு 27 இலட்சம். சாம்பல் நிற மூன்று கதவு 23 இலட்சத்து 50 ஆயிரம். எங்கள் பக்கத்தில் மூன்று கதவை இரண்டு கதவுக் கார் என்றுதான் சொல்வோம். டிக்கிக் கதவையும் எண்ணினால் மூன்று. வெள்ளைக் காரில் கீறல்கள், ஒரு கதவில் சிறு நெளிவு, வெயிலில் வெளிறிய கூரை. சாம்பல் கார் நேற்றுத்தான் கப்பலில் இருந்து இறங்கியதுபோல் மின்னியது. என்னோடு வந்த மச்சான் வெள்ளையைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். என் கண் சாம்பலில் நின்றுவிட்டது.

அங்கே கார் விற்றவர் பேசிய பேச்சைத்தான் நீங்கள் கவனிக்க வேண்டும். "அண்ணை, கதவு குறைந்தால் உடம்பு இறுக்கம். உங்கள் வீதிகளில் ஐந்து கதவு இரண்டு வருடத்தில் கடகடக்கத் தொடங்கிவிடும். சின்னப் பிள்ளைகள் இருக்கிறார்கள் என்றீர்களே, பின்னால் இருத்தினால் ஓடும்போது கதவைத் திறக்கவே முடியாது." இவை பொய் அல்ல. திறப்புகள் குறைந்த உடம்பு உண்மையிலேயே உறுதியானது. பின்னால் கதவு இல்லையென்றால் பிள்ளை திறக்கவும் முடியாது. ஆனால் அடிபடாத காருக்குத்தான் அது பொருந்தும். உண்மையான காரணங்களை அடுக்கி, அந்தக் காரின் பின்பாதியை நான் பார்க்கவிடாமல் என்னை முன்பாதியிலேயே நிறுத்தி வைத்தார். மூன்றரை இலட்சம் ஏன் குறைவு என்று நான் கேட்டபோது, "எங்கள் ஆட்கள் நாலு கதவுதான் கேட்கிறார்கள் அண்ணை, இதற்குக் கேள்வி குறைவு" என்றார். அதுவும் பாதி உண்மை. மற்றப் பாதியை அறிய எனக்கு எட்டு மாதங்கள் எடுத்தன.

முதல் வெள்ளிக்கிழமை எல்லோரும் முறிகண்டிக்குப் போனோம். வாகனம் எடுத்தால் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைக்காமல் நாங்கள் ஏ9 வீதியில் தூர ஓட்டம் தொடங்குவதில்லை. அம்மா பேரப்பிள்ளைகளோடு பின்னால் இருக்க ஆசைப்பட்டார். முன் ஆசனத்தைச் சாய்த்து, தலையைக் குனிந்து, ஒரு காலை உள்ளே வைத்து, மற்றக் காலை மடக்கி இழுக்க வேண்டும். ஏறிவிட்டார். முறிகண்டியில் இறங்க முடியவில்லை. மடக்கிய முழங்காலோடு இடையில் மாட்டிக்கொண்டார். நானும் மனைவியும் இரண்டு பக்கமும் பிடித்துத் தூக்கினோம். கச்சான் விற்கிற பெண் ஒருவர் கடையை விட்டு ஓடி வந்து உதவினார். அம்மா ஒரு சொல்லும் சொல்லவில்லை. திரும்பி வரும்போது முன் ஆசனத்தில் இருந்தார்.

அம்மா முன்னால் இருந்தால் சரிதானே என்பீர்கள். பிள்ளைகள் இறங்க வேண்டும் என்றால் ஒவ்வொரு முறையும் அம்மா முதலில் இறங்க வேண்டும். அல்லது நான் இறங்கி, என் பக்கத்து ஆசனத்தைச் சாய்த்து அவர்களை வலப்பக்கமாக இறக்க வேண்டும். நம் நாட்டில் வலப்பக்கம் என்றால் வாகனங்கள் பறக்கும் பக்கம். ஏ9இல் சொகுசு பஸ்கள் எப்படிப் போகின்றன என்று நான் சொல்லத் தேவையில்லை. கதவும் நீளம், பாரம். ஒடுங்கிய இடத்தில் முழுவதும் திறக்காது. இதையெல்லாம் விற்றவரின் குற்றம் என்று நான் சொல்லவில்லை. அம்மாவையும் கூட்டிக்கொண்டு போய் ஏற்றி இறக்கிப் பார்த்திருந்தால் எனக்கே தெரிந்திருக்கும். அதைச் செய்யாதது என் பிழை.

இனிச் சொல்லப்போவது அவர்களின் குற்றம்.

முறிகண்டி போய் வந்த அடுத்த கிழமை, பரந்தனுக்கு அருகில் மாடு குறுக்கே வந்ததால் பிரேக் அடித்தேன். அம்மா இருந்த ஆசனம் அப்படியே முன்னால் சறுக்கி ஓடியது. முழங்கால் போய் முன்பக்கம் இடித்தது. கிளிநொச்சியில் ஒரு கராஜில் புதிய ஆசன உறையைக் கழற்றினோம். சாய்த்து நகர்த்தும் பூட்டு உடைந்திருந்தது. அதைக் கட்டுக்கம்பியால் சுற்றி முறுக்கி வைத்திருந்தார்கள். வீடு கட்டக் கம்பி கட்டும் அதே கட்டுக்கம்பி. அதன்மேல் பளபளக்கும் புதிய உறை. மூன்று கதவில் இடப்பக்க முன் ஆசனம் ஒரு நாளில் பத்து முறை சாயும், நகரும். முதலில் தேய்வதும் அதுதான். அது தெரிந்துதான் மறைத்தார்கள். ஒரு முதிய மனிதர் இருக்கப் போகிற ஆசனம் என்று நான் அவரிடம் சொல்லியிருந்தேன். இதை எழுதும்போதும் எனக்குக் கை நடுங்குகிறது.

தொலைபேசியில் கேட்டபோது, "ஆசனம் சின்ன விடயம் அண்ணை, நீங்களே செய்துகொள்ளுங்கள்" என்று வைத்துவிட்டார். 18 ஆயிரம் கொடுத்து வேறு தண்டவாளம் போட்டேன்.

இதற்கிடையில், அப்போது நடைமுறையில் இருந்த எரிபொருள் பங்கீட்டு கியூஆர் குறியீடு பழைய உரிமையாளரின் பெயரில் இருந்தது. அவர் நீக்காவிட்டால் எனக்குப் பெற்றோல் கிடைத்திருக்காது. வாகனப் பதிவுப் புத்தகத்தில் இருந்த பெயர் விற்றவருடையது அல்ல. கெக்கிராவையில் உள்ள ஒருவருடையது. அவர் கையெழுத்திட்ட உரிமை மாற்றப் படிவங்களைத்தான் என்னிடம் தந்திருந்தார்கள். அழைத்தேன். நல்ல மனிதர், தமிழில்தான் பேசினார், உடனே நீக்கித் தந்தார். வைப்பதற்கு முன், "பின்பக்கம் இப்போது எப்படித் தம்பி?" என்று கேட்டார். பின் ஆசனத்தைக் கேட்கிறார் என்று நினைத்து, நன்றாக இருக்கிறது என்றேன்.

கார்த்திகை மழை தொடங்கிய பிறகுதான் அந்தக் கேள்வி விளங்கியது. காருக்குள் ஈர நாற்றம். விரிப்பைத் தூக்கினால் தண்ணீர். மேலதிகச் சில்லு வைக்கும் குழியில் ஒரு வாளித் தண்ணீரும் துருவும். கண்ணாடி ரப்பராக இருக்கும் என்று மாற்றிப் பார்த்தேன், நிற்கவில்லை. கிளிநொச்சியில் டிங்கர் வேலை, அதாவது காரின் தகரம் திருத்தும் வேலை செய்யும் ஒரு வயதானவரிடம் கொண்டுபோனேன். உடைந்த ஒலிபெருக்கியில் இருந்து எடுத்த காந்தம் ஒன்றைத் துணியில் சுற்றி, கதவில் வைத்தார்; ஒட்டியது. வலப்பக்கப் பின் தகரத்தில் வைத்தார், கீழே விழுந்தது. இன்னும் மேலே வைத்தார், அங்கும் விழுந்தது. "தம்பி, இந்தப் பக்கம் தகரம் இல்லை. பட்டிதான் இருக்கிறது" என்றார். பட்டி என்றால் பள்ளத்தை நிரப்பி மட்டப்படுத்தப் பூசும் பசை.

பிறகு அவர் விளக்கியதை அப்படியே தருகிறேன், ஏனென்றால் இந்தப் பதிவை எழுதுவதே இதற்காகத்தான். ஐந்து கதவுக் காரில் நடுப்பக்கம் அடிபட்டால் பின் கதவைக் கழற்றி வேறு கதவு பூட்டிவிடலாம். மூன்று கதவில் அந்த இடத்தில் கதவு இல்லை. முன் கதவு முடிகிற தூணில் இருந்து பின் விளக்கு வரை ஒரே நீளத் தகரம், உடம்போடு சேர்த்து ஒட்டியது. கழற்ற முடியாது, வெட்டி வேறு தகரம் வைத்து ஒட்ட வேண்டும். நல்ல தகரம் வேண்டும், நேரம் வேண்டும், கை வேண்டும். பழைய உதிரிப்பாகக் கடைகள் நிறைந்த கொழும்பு பஞ்சிகாவத்தையில் தேடினாலும் மூன்று கதவுக்கு உரிய தகரமும் பக்கக் கண்ணாடியும் இலகுவில் கிடைக்காது. ஐந்து கதவின் முன் கதவுகூட இதற்குப் பொருந்தாது, அது நீளம் குறைந்தது. அதனால் செலவைத் தவிர்க்க நினைப்பவர்கள் வேறொரு தகரத்தை வெட்டி, அங்கங்கே ஒட்டி, மேலே விரல் தடிப்புக்குப் பட்டி பூசி நிறம் அடித்துவிடுகிறார்கள். என் காரில் கீழ்ச் சட்டத்திலும் தூணின் அடியிலும் ஒட்டு வெடித்திருந்தது. மூன்று கதவுக்கு உறுதி தருகிறது என்று எனக்குச் சொல்லி விற்றது அந்தத் தூணையும் அந்தத் தகரத்தையும்தான்.

கெக்கிராவைக்காரரை மறுபடி அழைத்தேன். லொறி ஒன்று வலப்பக்கம் இடித்ததாகவும், திருத்தக் கட்டுப்படியாகாமல் அடிபட்ட நிலையிலேயே விற்றதாகவும், வாங்கியவர் எல்லாவற்றையும் பார்த்துத்தான் எடுத்தார் என்றும் சொன்னார். வாங்கியவர் எனக்கு விற்றவர்தான்.

வவுனியாவுக்குப் போனேன். "நீங்கள் பார்த்துத்தானே எடுத்தீர்கள்" என்றார். பற்றுச்சீட்டைக் காட்டினார். 'உள்ளபடியே விற்கப்பட்டது' என்று ஒரு வரி. அவர் பெயர் அதில் இல்லை. தான் தரகர் மட்டுமே என்று வாதிட்டார். அதன் பிறகு நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபையின் 1977 இலக்கத்துக்கு அழைத்து முறைப்பாடு கொடுத்தேன். மத்தியஸ்த சபைக்கும் எழுதினேன். முதல் இரண்டு அமர்வுகளுக்கும் அவர் வரவில்லை. நான் விடப்போவதில்லை.

ஆகவே பார்க்கப் போகிறவர்கள் வெயிலில் போங்கள், மழை நாளில் போகாதீர்கள். நனைந்த வர்ணம் எல்லாவற்றையும் மறைக்கும். காந்தத்தை மெல்லிய துணியில் சுற்றி, கதவுத் தூணில் இருந்து பின் விளக்கு வரை இரண்டு பக்கமும் நகர்த்துங்கள். விரல் முட்டியால் தட்டுங்கள். தகரம் கணீர் என்னும், பட்டி மொத்தென்னும். டிக்கியில் விரிப்பைத் தூக்கிச் சில்லுக் குழியைப் பாருங்கள். நீளக் கதவைப் பாதி திறந்து மேலே தூக்கிப் பாருங்கள். ஆடினால் கீல் போய்விட்டது. ஆசன உறையைக் கழற்ற விடமாட்டேன் என்றால் அந்த இடத்தை விட்டு வந்துவிடுங்கள். மோட்டார் போக்குவரத்துத் திணைக்களத்தின் இணையத்தளத்தில் இலக்கத்தைக் கொடுத்து விபரம் எடுங்கள். குத்தகை நிறுவனம் எதுவும் முழு உரிமையாளராக இருக்கிறதா என்று பாருங்கள். புத்தகத்தில் உள்ளவரோடு பணம் கொடுப்பதற்கு முன் பேசுங்கள். நான் கொடுத்த பிறகு பேசினேன். பற்றுச்சீட்டில் விற்பவரின் பெயரும் அடையாள அட்டை இலக்கமும் இருக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் முன்னால், அந்தக் காரில் போகப் போகிற வீட்டு முதியவரைக் கூட்டிக்கொண்டு போய் ஏறி இறங்கச் சொல்லுங்கள்.

நான் வவுனியாவில் சண்டை பிடித்த அன்று, அங்கே ஓர் இளம் தம்பதி வேறொரு மூன்று கதவுக் காரைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். கைக்குழந்தை தாயின் தோளில். "பிள்ளை கதவைத் திறக்க முடியாது அண்ணை" என்ற அதே வாக்கியம் என் காதில் விழுந்தது. நேரே போய் அந்தக் காரின் பின் தகரத்தை அவர்கள் முன்னால் தட்டினேன். முன் கதவையும் தட்டினேன். அந்தத் தங்கை இரண்டு சத்தத்தையும் கேட்டுவிட்டுக் கணவனின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வெளியே போனார்.

டிங்கர் ஐயா அந்தக் காந்தத்தை எனக்கே தந்துவிட்டார். விசுவமடு, தருமபுரம், புதுக்குடியிருப்புப் பக்கம் யாராவது இந்த மாதம் கார் பார்க்கப் போவதாக இருந்தால் ஒரு செய்தி அனுப்புங்கள். கூட வருகிறேன்.