சொந்த எஃப்எக்ஸ்3 வாங்குவதா, வாடகைக்கு அலெக்ஸா மினி எடுப்பதா?

சுயாதீனப் படம் செய்யும் ஒளிப்பதிவாளருக்கு இந்தக் கேள்வி சீக்கிரமே வந்துவிடும். தவணையில் சொந்தமாக ஒரு சோனி எஃப்எக்ஸ்3 வாங்குவதா, படத்துக்குப் படம் ஆரி அலெக்ஸா மினியை வாடகைக்கு எடுப்பதா?

இரவில் சோனிதான். கிரேடிங்குக்காக (பிறகு நிறம் திருத்துவதற்காக) தட்டையாகப் பதிவுசெய்யும் எஸ்-லாக்3-இல் அதன் அடிப்படை ஐஎஸ்ஓ (ஒளி உணர்திறன்) 800, 12,800 என இரண்டு. இடையே நான்கு ஸ்டாப்; ஒரு ஸ்டாப் என்றால் ஒளி இரண்டு மடங்கு. டீக்கடை ட்யூப்லைட்டை வைத்தே காட்சியை முடிக்கலாம். 25 ஃபிரேமுக்கு ஷட்டர் 1/50 வைத்தால் ட்யூப்லைட் துடிக்காது. மலிவு எல்இடி பல்பு அப்போதும் துடிக்கலாம்.

பகலில் கதை மாறும். ஐஎஸ்ஓ 800, 1/50, எஃப்2.8 என்றால் உச்சி வெயிலில் சுமார் ஒன்பது ஸ்டாப் ஒளியை வெட்ட வேண்டும். மினிக்குள் 2.1 வரை என்டி (ஒளியைக் குறைக்கும் ஃபில்டர்) உண்டு. அது ஏழு ஸ்டாப், லென்ஸ் முன்னால் இரண்டு ஸ்டாப்புக்கு ஒரு 0.6 போட்டால் முடிந்தது. எஃப்எக்ஸ்3-க்குள் என்டியே கிடையாது. திருகித் திருகி அளவை மாற்றும் வேரியபிள் என்டியைக் கடைசி வரை திருகினால் வைட் லென்ஸில் பெருக்கல் குறிபோல் நிழல் விழும். சாதாரண என்டிகளை அடுக்கினால் அகச்சிவப்பு கசிந்து கறுப்பு கோட் செம்பழுப்பாகிவிடும். பக்கத்தில் நிற்பவரின் கறுப்புச் சட்டை வேறு துணியாக இருந்தால் கறுப்பாகவே இருக்கும். கிரேடிங்கில் ஒவ்வொன்றையும் தனியாகப் பிரித்து மாஸ்க் போட்டு மாள வேண்டியதுதான். கேமரா விலையோடு அகச்சிவப்பையும் தடுக்கும் ஐஆர் என்டி செட்டின் விலையையும் சேர்த்தே கணக்குப் போடுங்கள்.

ஃபுட்டேஜ், ஒவ்வொரு ஃபிரேமையும் முழுதாகச் சேமிக்கும் சோனியின் 4கே ஆல்-ஐயில் மணிக்குச் சுமார் 110 ஜிபி. மினியின் 3.2கே ப்ரோரெஸ் 4444 ஃபார்மட் ஏறக்குறைய மூன்று மடங்கு. மினிக்கு ஃபோகஸைக் கையால் மாற்றிக்கொடுக்கும் ஃபோகஸ் புல்லரும் கட்டாயம்.

சம்பளப் பேச்சில்தான் பலர் வழுக்குகிறார்கள். "கேமரா இருக்குல்ல சார், சேத்து ஒரு ரேட் சொல்லுங்க" என்பார்கள். சொன்னால் உங்கள் சம்பளம் கேமரா வாடகைக்குள் கரைந்துபோகும். பில்லில் இரண்டையும் தனித்தனி வரியாகப் போடுங்கள். இன்னொன்று, சொந்தக் கேமரா நின்றால் மாற்றுக் கேமரா தேடுவதும் உங்கள் தலையில்தான்.

ஆவணப்படமும் குறும்படமும் தொடர்ந்து வருகிறதென்றால் எஃப்எக்ஸ்3 வாங்கலாம். பகல் வெளிப்புறம் நிறைந்த முழுநீளப் படத்துக்கு மினியே மேல். கேமராவோடு கடையிலிருந்து வரும் அட்டெண்டரின் பேட்டாவையும் வண்டி வாடகையையும் பட்ஜெட்டில் விட்டுவிடாதீர்கள். படப்பிடிப்புக்கு முந்தின நாள் வாடகைக் கடையிலேயே லென்ஸ் மூடியைப் போட்டு ஒரு நிமிடம் பதிவுசெய்து, பெரிய மானிட்டரில் இருட்டிலும் ஒளிரும் ஹாட் பிக்சல் இருக்கிறதா என்று பாருங்கள். பிறகு ஒவ்வொரு லென்ஸின் அபர்ச்சரையும் முழுக்கத் திறந்து, டேப்பால் அளந்த தூரமும் லென்ஸ் பேரலில் (உருளையில்) உள்ள எண்ணும் ஒத்துப்போகிறதா என்று சோதியுங்கள்.