‘டிஎல்எல் போயிடுச்சு’ என்று காசு கேட்டால் கொடுக்காதீர்கள்

சுங்கை சிப்புட் பட்டணத்தில் கணினி பழுதுபார்க்கும் கடை ஒன்று, தோட்டத்தில் கிராணியாக இருந்து ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவரிடம் 170 வெள்ளி வாங்கியிருக்கிறது. டிஎல்எல் கோப்புக்கு 50 வெள்ளி, ‘ரிப்பேர் சாப்ட்வேர்’ ஓராண்டுச் சந்தாவுக்கு 120 வெள்ளி. கோயில் வரவு செலவு எழுதும் அவருடைய மடிக்கணினி, கடைக்குப் போனதைவிட மோசமாகத் திரும்பி வந்தது. மறுபடி கொண்டுபோனால், “அங்கிள், விண்டோஸே போயிடுச்சு. பார்மட் பண்ணணும், இன்னும் 150 ஆகும்” என்கிறார்கள். முறையாகச் செய்திருந்தால் கால் மணி நேரத்தில், ஒரு காசு செலவில்லாமல் முடிந்திருக்கும் வேலை இது.

கணக்கு மென்பொருளின் புதிய பதிப்பைப் போட்ட பிறகு திரையில் வந்த செய்தி, ‘விசிரன்டைம்140_1.டிஎல்எல் காணப்படவில்லை’ என்பது. டிஎல்எல் என்றால் பல மென்பொருள்கள் பொதுவில் எடுத்துப் பயன்படுத்தும் நிரல் கோப்பு. இந்தக் குறிப்பிட்ட கோப்பு, இப்படிப்பட்ட பொதுக் கோப்புகளை ஒன்றாகத் தரும் மைக்ரோசாப்டின் விஷுவல் சி++ தொகுப்பில் 2019 பதிப்பிலிருந்துதான் வருகிறது. பெரியவரின் கணினியில் இருந்ததோ 2017 தொகுப்பு. ஆக, எதுவும் ‘போய்விடவில்லை’. இருந்தது பழையது, அவ்வளவுதான்.

கடைக்காரர் தொகுப்பைப் புதுப்பிக்கவில்லை. டிஎல்எல் கோப்புகளை ஒவ்வொன்றாக இறக்கித் தரும் ஏதோ ஓர் இணையத்தளத்திலிருந்து அந்த ஒரு கோப்பை மட்டும் எடுத்து, விண்டோஸின் சிஸ்டம்32 கோப்புறையில் போட்டிருக்கிறார். மென்பொருள் திறந்த வேகத்தில் மூடிக்கொண்டது. காரணம், அதன் துணைக்கோப்பான எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இன்னும் பழையதாகவே இருந்தது. இந்தக் கோப்புகள் ஒரு செட்டாக இயங்குபவை. குறிப்பாக, மென்பொருள் எழுதும் கருவியான விஷுவல் ஸ்டுடியோ 2022-இன், 2024-இல் வந்த 17.10 பதிப்பிலிருந்து உருவாக்கப்படும் மென்பொருள்கள், பழைய எம்எஸ்விசிபி140 கண்ணில் பட்டால் செயலிழந்துபோக வாய்ப்பு அதிகம்.

அடுத்து அவர் செய்ததுதான் பெரிய கேடு. அதே தளத்திலிருந்து எம்எஸ்விசிபி140-ஐயும் இறக்கிப் பழையதன்மேல் எழுதிவிட்டார். இறக்கியது 32 பிட் கோப்பு. 32 பிட், 64 பிட் என்பவை மென்பொருளின் இரு வகைகள், ஒன்றின் டிஎல்எல் மற்றதற்கு உதவாது. 64 பிட் விண்டோஸில் பெயர்கள் தலைகீழாக இருக்கும்: சிஸ்டம்32 என்ற கோப்புறையில் இருப்பவை 64 பிட் கோப்புகள், சிஸ்வாவ்64-இல் இருப்பவை 32 பிட் கோப்புகள். பெயரைப் பார்த்து ‘32-க்கு 32’ என்று போட்டால், அதுவரை ஒழுங்காக ஓடிய பிரிண்டர் மென்பொருளும் ‘0எக்ஸ்சி000007பி’ என்ற பிழை எண்ணைக் காட்டி நின்றுவிடும். நின்றது. அதைக் காட்டித்தான் பார்மட்டுக்கு 150 வெள்ளி கேட்டிருக்கிறார்கள்.

நம்ப வைக்க ஒரு வித்தையும் உண்டு, இதைக் கவனமாகப் படியுங்கள். கட்டளை தட்டும் கறுப்புத் திரையைத் (கமாண்ட் ப்ராம்ப்ட்) திறந்து ‘ரெக்எஸ்விஆர்32’ என்று தட்டி அந்தக் கோப்பின் பெயரைக் கொடுப்பார்கள். ‘டிஎல்எல்ரெஜிஸ்டர்சர்வர்’ என்ற நுழைவு இல்லை என்று பிழைச்செய்தி வரும். “பாத்தீங்களா, உள்ளே எவ்வளவு கெட்டுப்போச்சு” என்பார்கள். அந்தக் கட்டளை, விண்டோஸில் பதிவு செய்தால்தான் இயங்கும் ‘காம்’ என்ற வகைக் கோப்புகளுக்கானது. விசிரன்டைம், எம்எஸ்விசிபி ஆகியவை அந்த வகையே அல்ல. நல்ல கணினியில் தட்டினாலும் இதே செய்திதான் வரும்.

சரியான வழி இது. முதலில் சந்தா மென்பொருளை அகற்றுங்கள். கார்டு எண் கொடுத்திருந்தால், ஆண்டுக்கட்டணம் தானாகப் பிடிக்கப்படாமல் இருக்க வங்கியிடம் சொல்லி நிறுத்துங்கள். பிறகு கடைக்காரர் போட்ட கோப்புகளை சிஸ்டம்32-இலிருந்து எடுத்துவிடுங்கள். எவை என்று தெரிய, கோப்புறையைத் தேதிவாரியாக அடுக்கி, கணினி கடையில் இருந்த நாளைப் பாருங்கள். சந்தேகப்படும் கோப்பின்மேல் வலது சொடுக்கி ‘ப்ராப்பர்ட்டீஸ்’ போனால், உண்மையான விஷுவல் சி++ கோப்பில் டிஜிட்டல் கையொப்பப் பகுதியும் அதில் மைக்ரோசாப்ட் பெயரும் இருக்கும். ஆனால் விண்டோஸின் சொந்தக் கோப்புகள் பலவற்றில் அந்தப் பகுதியே இராது. அவற்றின் கையொப்பம் தனிப் பட்டியல் கோப்பில் இருக்கிறது. ஆகவே கையொப்பம் தெரியவில்லை என்ற ஒரே காரணத்துக்காக எதையும் அழித்துவிடாதீர்கள். தேதி, பெயர் இரண்டும் பொருந்தினால் மட்டும் எடுங்கள்.

இதைச் செய்யாமல் நேரே புதிய தொகுப்பைப் போட்டால், தவறான கோப்பின் பதிப்பு எண் சமமாகவோ கூடுதலாகவோ இருக்கும் பட்சத்தில் நிறுவும் நிரல் அதன்மேல் எழுதாமல் விட்டுவிடக்கூடும். எடுத்த பிறகு மைக்ரோசாப்டின் சொந்தத் தளத்திலிருந்து 2015-க்குப் பிந்தைய பதிப்புகளுக்கான ஆகப் புதிய விஷுவல் சி++ தொகுப்பை இறக்குங்கள். எக்ஸ்64 (64 பிட்), எக்ஸ்86 (32 பிட்) இரண்டுமே வேண்டும், ஏனென்றால் 64 பிட் விண்டோஸிலும் 32 பிட் மென்பொருள்கள் ஏராளம். கைப்பேசி டேட்டாவிலேயே இறக்கலாம், சிறியவைதான். ஏற்கெனவே இருக்கிறது என்றால் ‘ரிப்பேர்’ கொடுத்துக் கணினியை மூடித் திறக்கவும்.

எந்தக் கோப்பு எந்தத் தொகுப்பைச் சேர்ந்தது என்று தெரிந்தால் பாதி வேலை முடிந்தது. எம்எஸ்விசிஆர்100 என்றால் 2010 தொகுப்பு, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. இவை ஒன்றுக்கொன்று மாற்றாகா. பிள்ளைகளின் பழைய கேம்கள் கேட்கும் டி3டிஎக்ஸ்9_43, கேம்களின் படத்தையும் ஒலியையும் கவனிக்கும் டைரக்ட்எக்ஸின் 2010 ஜூன் தொகுப்பில் வருகிறது. நிரல் பட்டியலில் விஷுவல் சி++ என்று ஏழெட்டு வரிகள் இருப்பதைப் பார்த்து, “டூப்ளிகேட், கிளீன் பண்றேன்” என்று அழிக்கும் கடைகளும் இருக்கின்றன. அழிக்க விடாதீர்கள். நாளைக்கு வரும் டிஎல்எல் பிழைக்கு விதை அதுதான்.

விண்டோஸின் சொந்தக் கோப்பே கெட்டிருந்தால் கதை வேறு. நிர்வாகி உரிமையோடு கறுப்புத் திரையைத் திறந்து, முதலில் டிஐஎஸ்எம் கட்டளையை ‘ஆன்லைன்’, ‘கிளீனப்-இமேஜ்’, ‘ரெஸ்டோர்ஹெல்த்’ என்ற மூன்று தெரிவுகளோடு ஓட்டுங்கள், ஒவ்வொன்றுக்கும் முன்னால் ஒரு சாய்கோடு. பின்னர் எஸ்எஃப்சி, இடைவெளி, சாய்கோடு, ‘ஸ்கேன்நவ்’. எல்லாம் ஆங்கில எழுத்தில். முதல் கட்டளை மூலக்கோப்புகளின் களஞ்சியத்தைச் சீராக்குகிறது, இரண்டாவது அங்கிருந்து எடுத்து மாற்றுகிறது. களஞ்சியமே கெட்டிருக்கும்போது எஸ்எஃப்சியை மட்டும் ஓட்டிப் பயனில்லை. விஷுவல் சி++ தொகுப்பின் கோப்புகள் எஸ்எஃப்சியின் பொறுப்பிலும் வரா.

டிஎல்எல் கோப்பை மென்பொருளின் கோப்புறைக்குள்ளேயே போட்டுத் தருவதும் நடக்கிறது. விண்டோஸ் முதலில் அங்கேதான் தேடும் என்பதால் ஓடும். ஆனால் யார் மாற்றியமைத்தது என்று தெரியாத அந்த நிரல், உங்கள் கணக்கு மென்பொருளின் எல்லா உரிமையோடும் உள்ளே ஓடுகிறது. கோயில் வங்கிக் கணக்கைத் திறக்கும் கணினியில் அதை அனுமதிக்கவே கூடாது.

ஏற்கெனவே பணம் கட்டியவர்கள் ரிசிட்டைப் பத்திரப்படுத்துங்கள். ‘சர்வீஸ்’ என்று மட்டும் எழுதியிருந்தால், எந்தக் கோப்பை எங்கே போட்டார்கள் என்று எழுதிக் கேளுங்கள். வாட்ஸ்அப்பில் கேட்டாலும் அது சாட்சிதான். பணத்தைத் திருப்பித் தர மறுத்தால், பயனீட்டாளர் நடுவர் மன்றத்தில் 5 வெள்ளி கட்டி மனு கொடுக்கலாம். 50,000 வெள்ளி வரையிலான கோரிக்கையை அது விசாரிக்கும். சம்பவம் நடந்து 3 ஆண்டுக்குள் போகவேண்டும். பார்மட் செய்யச் சொல்லி இன்னும் கணினியைக் கடையில் விட்டிருப்பவர்கள், தரவுகளைத் தனி டிஸ்க்கில் நகலெடுக்கும்வரை தொடவேண்டாம் என்று இன்றைக்கே போன் செய்து சொல்லிவிடுங்கள்.