முகூர்த்தப் புடவையில் நேரம் நெய்கிறோம் என்று 42,500 ரூபாய் வாங்கிக்கொண்டார்கள், ஏமாறாதீர்கள்

நேற்று சாயங்காலம்தான் புடவை வந்தது. ராத்திரி முழுக்கத் தூக்கமில்லை. விற்றவன் பெயரைப் போடவில்லை, போட்டால் கேஸ் போடுவேன் என்று முன்கூட்டியே வாய்ஸ் மெசேஜ் அனுப்பிவிட்டான். ஷோரூம் எல்லாம் கிடையாது, ரீல்ஸ் போட்டு ஆர்டர் பிடிக்கிற வகை. "காஞ்சிபுரம் தறியிலிருந்து நேராக உங்கள் வீட்டுக்கு" என்பார்களே, அதில் ஒன்று. இந்த ஆட்களை எப்படிக் கண்டுபிடிப்பது என்று கடைசியில் விவரமாக எழுதுகிறேன்.

பெண்ணுக்குக் கல்யாணம். முகூர்த்தப் புடவையில் அவள் தாத்தாவின் நேரம் கொஞ்சம் இருக்கட்டும் என்று ஆசைப்பட்டேன். என் அப்பாவுக்கு 81 வயது, பஸ் கண்டக்டராக இருந்து ரிட்டயர் ஆனவர், மண்டபத்துக்கு வருவாரா என்பதே சந்தேகம். என் கல்யாணப் புடவையில் என் பாட்டியின் ஒரு விடியற்காலை இருக்கிறது. இன்றைக்கும் கட்டினால் அம்மிச் சத்தம் கேட்கும், மல்லி அரைக்கிற வாசனை வரும். அது காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையத்தில் ஒரு வீட்டுத் தறியில் நெய்தது. அந்த வீட்டில் இப்போது யாரும் தறியில் உட்காருவதில்லை, அதனால்தான் போனில் தேடப் போனேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்கணும்.

வீட்டுக்கே வந்தான். செருப்பை வாசலில் கழற்றிவிட்டு அப்பா காலைத் தொட்டுக் கும்பிட்டான். அங்கேயே பாதி விழுந்துவிட்டேன். மீதியை அவன் பேச்சு பார்த்துக்கொண்டது. புடவை உடலில் நீளவாக்கில் ஓடும் பாவு நூல் முடிந்ததும் முந்திப் பாவின் இழைகளை ஒவ்வொன்றாகக் கையால் முறுக்கிச் சேர்க்கிறது பேட்னி, அந்த முறுக்கில்தான் நேரம் பிடித்து நிற்கும், கரையைத் தனி நூலில் நெய்து உடலோடு கோர்க்கிறது கோர்வை, அதற்கு ஊடு நூலை ஓட்டுகிற நாடா மூன்று, பக்கத்தில் ஒரு ஆள் உட்கார்ந்து தள்ளணும் என்று எல்லாம் சரியாகத்தான் சொன்னான். சரியாகச் சொல்கிறவன் சரியாகச் செய்வான் என்று நினைத்தேன்.

இரண்டு சிட்டம், அதாவது இரண்டு கட்டு, பட்டு நூலை அப்பா கையில் கொடுத்து, "நீங்க பாட்டுக்குப் பேசிட்டு இருங்கக்கா, நூல் தானா இழுத்துக்கும்" என்றான். திண்ணையில் ஒரு மணி நாற்பது நிமிடம். நூலுக்குப் போன நேரம் கொடுத்தவருக்கு மிஞ்சாது, தெரிந்ததுதான். அன்றைக்கு அப்பா என்ன பேசினார், நான் என்ன கேட்டேன், ஒன்றும் என்னிடம் இல்லை. அவரிடம் கேட்டால் "எந்த அன்னைக்கு?" என்கிறார். போனில் ஒரு போட்டோ மட்டும் இருக்கிறது. முறுக்குத் தட்டு, பக்கத்தில் நூல் சிட்டத்தோடு அப்பா, வாயைத் திறந்து சிரிக்கிறார். எதற்குச் சிரித்தார் என்று தெரிந்துகொள்ளத்தானே 42,500.

20 நாளில் தருகிறேன் என்றவன் ஏழு வாரம் இழுத்தான். மழை, குழித்தறியில் தண்ணீர் ஏறிவிட்டது என்றான். அப்புறம் நெசவாளிக்குக் கண் ஆபரேஷன். பணம் வாங்கும்வரை அக்கா, வாங்கின பிறகு மேடம்.

நேற்று பெண் கட்டிப் பார்த்தாள். கண்ணாடி முன்னால் அசையாமல் நின்றாள். பத்து நிமிடம் கழித்து, "அம்மா, 63ஐ எப்பம்மா கூப்பிடுவாங்க?" என்றாள். நான் முந்தியைத் தோளில் போட்டுப் பார்த்தேன். மின்விசிறிச் சத்தம், பசை வாசனை, யாரோ ஒருத்தர் ஏதோ ஆபீஸில் டோக்கன் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிற நேரம்! யாருடைய நேரமோ, பாவம், எங்கே பொறுக்கினானோ. அதைக் கட்டிக்கொண்டு என் பெண் மணவறையில் உட்காரணுமாம்.

போன் போட்டால் முதலில் "மூணு தடவை கட்டினா செட் ஆயிடும் மேடம்". அடுத்து, அயர்ன் சூட்டில் கலைந்திருக்கும். அடுத்து சொன்னதுதான் தாங்கவில்லை, "பெரியவர் அன்னைக்குத் தூங்கிட்டாரோ என்னமோ." பில்லைப் பாருங்கள் என்றான், பார்த்தேன், "பட்டுச் சேலை 1" என்றுதான் இருக்கிறது, நேரம் என்று ஒரு வார்த்தை இல்லை. வேண்டுமானால் இன்னும் 6,000 போடுங்கள், தேர்த் திருவிழா ஒரு மணி நேரம் ரெடி ஸ்டாக் இருக்கிறது, மாற்றித் தருகிறேன் என்றான். ராத்திரி ஒன்பது மணிக்கு பிளாக் செய்துவிட்டான்.

காலையில் தெரிந்த நெசவாளிப் பெரியவரிடம் கொண்டுபோனேன். புடவையைத் திருப்பி, கரை சேருகிற இடத்தை விரலால் தடவினார். "கோர்வையும் இல்ல, பேட்னியும் இல்லம்மா, விசைத்தறி." ஜரிகையை நகத்தால் சுரண்டிக் காட்டினார். அசல் ஜரிகையில் வெள்ளிக்கு அடியில் சிவப்புப் பட்டு இழை தெரியணும், இதில் வெள்ளையாக எட்டிப் பார்த்தது. பேட்னியே இல்லாத புடவையில் அந்த டோக்கன்காரர் நேரத்தை எதில் ஒட்டினான் என்று அவருக்கும் புரியவில்லை. பசையாக இருக்கும் என்றார்.

விவரமாக எழுதுகிறேன் என்றேன், பொறுமையில்லை, மண்டபத்துக்காரர் வேறு வாசலில் நிற்கிறார். புடவையின் பின்பக்கத்தைப் பாருங்கள். சில்க் மார்க் பட்டுக்குத்தான் சாட்சி, கைத்தறிக்கே அது சாட்சி இல்லை, நேரத்துக்கு எப்படி இருக்கும்? யாருடைய நேரம், எத்தனை நிமிடம் என்று பில்லில் எழுதி வாங்குங்கள். முழுப் பணத்தையும் முன்னால் கொடுக்காதீர்கள், நான் 42,500ஐயும் கொடுத்தேன். தறியை நேரில் பார்க்காமல் சிட்டத்தைக் கையை விட்டுக் கொடுக்கவே கொடுக்காதீர்கள்.

அந்த இரண்டு சிட்டத்தையும் அவன் வேறு யாருக்காவது விற்றிருப்பான். சமீபத்தில் புடவை வாங்கியவர்கள் ஒருதரம் கட்டிப் பாருங்கள். முறுக்கு கடிக்கிற சத்தம் கேட்கும், ஒவ்வொரு பேச்சையும் "ரைட்" என்று முடிக்கிற கிழவர் குரல் கேட்கும். கேட்டால் எனக்கு ஒரு வார்த்தை சொல்லுங்கள், நீங்கள் என்ன விலை கொடுத்து வாங்கியிருந்தாலும் தந்துவிடுகிறேன். முகூர்த்தத்துக்கு இன்னும் பதினோரு நாள் இருக்கிறது.