கேட்ட பட்டனும் தேவைப்பட்ட வரியும்: விடுபட்ட வசதியைக் கண்டுபிடிக்க எந்த வழி நல்லது?

திருச்சியில் ஒரு ஹார்டுவேர் கடை. எங்கள் பில்லிங் மென்பொருளை இரண்டு வருடமாகப் பயன்படுத்துகிறார்கள். அங்கே பில் போடும் அக்கா போன் செய்யும்போதெல்லாம் கேட்பது ஒன்றைத்தான்: "தம்பி, பாக்கி லிஸ்ட்டை எக்செல்ல எடுக்க ஒரு பட்டன் வெச்சுக் குடுங்க." இன்னும் பல கடைகளும் இதையே கேட்டதால், எங்கள் கோரிக்கைப் பட்டியலில் அதற்குத்தான் முதலிடம்.

பட்டனைச் செய்வதற்கு முன் ஒரு மதியம் அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். ஒரு மேஸ்திரியின் ஆள் வந்து நாலு மூட்டை சிமென்ட்டும் பைண்டிங் கம்பியும் கேட்டார். அக்கா பெயரைத் தட்டினார். ஆனால் பில்லை அச்சடிக்கவில்லை. கீபோர்டுக்கு அடியிலிருந்து ஒரு நீள நோட்டை இழுத்துப் புரட்டினார், விரல் ஒரு வரியில் நின்றது, நிமிர்ந்து முதலாளியைப் பார்த்தார். அவர் தலையசைத்த பிறகுதான் பில் வந்தது. தினமும் சாயங்காலம் திரையைப் பார்த்துப் பார்த்து அந்த நோட்டில் பாக்கியை எழுதுகிறார். எக்செல் கேட்டது அந்த எழுத்து வேலையைக் குறைக்க. அவருக்குத் தேவைப்பட்டதோ, பில் போடும் திரையிலேயே பெயருக்குப் பக்கத்தில் பழைய பாக்கி என்று ஒரே ஒரு வரி.

விடுபட்ட வசதியைக் கண்டுபிடிக்க இருக்கும் இரண்டு வழிகளின் வித்தியாசம் இதுதான். ஒன்று, கேட்பவர்களை எண்ணுவது. இன்னொன்று, செய்பவரைப் பார்ப்பது. எண்ணுவது மலிவு, வேகம், நூறு கடைக்கும் ஒரே நாளில் முடியும். வலி எந்தப் பக்கம் இருக்கிறது என்பதை அது சரியாகவே காட்டும். மருந்தை மட்டும் அதனிடம் கேட்கக் கூடாது.

பெரிய திட்டங்களும் இதே சிக்கலைச் சந்தித்திருக்கின்றன. 2009-இல் வெளிவந்த கோ என்ற நிரல்மொழியில் ஜெனரிக்ஸ், அதாவது ஒரே நிரலைப் பல தரவு வகைகளுக்கும் பொதுவாக எழுதும் வசதி, அப்போது இல்லை. பயனர் கருத்துக்கணிப்புகளில் அதற்கான கோரிக்கை வருடாவருடம் வந்துகொண்டே இருந்தது. 2017-இல் கோ மாநாடான கோஃபர்கான் மேடையில், கோ குழுவைச் சேர்ந்த ரஸ் காக்ஸ், பயனர்களிடம் அனுபவ அறிக்கைகளைக் கேட்டார். என்ன செய்ய நினைத்தீர்கள், உண்மையில் என்ன செய்தீர்கள், அது ஏன் சரியாக வரவில்லை: இந்த மூன்றும் அதில் இருக்க வேண்டும். அடுத்த வருடம் வந்த ஜெனரிக்ஸ் வரைவில், எந்தத் தரவு வகைகளை ஏற்கலாம் என்று சொல்ல 'கான்ட்ராக்ட்' என்று தனியாக ஒரு கருத்து இருந்தது. 2020-இல் அதை எடுத்துவிட்டு, ஏற்கெனவே மொழியில் இருந்த இன்டர்ஃபேஸையே அந்த வேலைக்குப் பயன்படுத்தினார்கள். 2022 மார்ச்சில், 1.18 பதிப்பில் ஜெனரிக்ஸ் வந்தது. வசதியின் பெயர் முதல் நாளிலேயே எல்லோருக்கும் தெரியும். அது எந்த வடிவில் வர வேண்டும் என்று முடிவு செய்யத்தான் அவ்வளவு காலம் பிடித்தது.

சின்ன குழுவுக்கு அனுபவ அறிக்கை எழுதித் தர ஆள் கிடைக்காது. கடைக்காரர் எழுத மாட்டார், நாம்தான் போய் உட்கார வேண்டும். மூன்று கடை, கடைக்கு ஒரு மதியம் போதும். திரையில் ஒட்டியிருக்கும் துண்டுச் சீட்டு, பக்கத்தில் இருக்கும் கால்குலேட்டர், கீபோர்டுக்கு அடியில் நோட்டு. இவை ஒவ்வொன்றும் நம் மென்பொருளில் இல்லாத ஒரு வசதி.

அப்புறம், எதை முதலில் செய்வது? இங்கே இரண்டு பெயர்கள் அடிக்கடி அடிபடும். வசதிகளை நான்கு பெட்டிகளாகப் பிரிக்கும் மாஸ்கோ (MoSCoW) முறையை 1994-இல் ஆரக்கிளில் இருந்த டாய் கிளெக் உருவாக்கினார்: கட்டாயம் வேண்டும், வேண்டும், இருந்தால் நல்லது, இப்போதைக்கு வேண்டாம். கூட்டத்தில் பத்து நிமிடத்தில் புரியவைத்துவிடலாம். ஆனால் எல்லாமே 'கட்டாயம்' பெட்டிக்குள் போய் விழும். இதற்காகவே அந்தப் பெட்டிக்கான உழைப்பு மொத்தத்தில் 60 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று டிஎஸ்டிஎம் என்ற திட்ட மேலாண்மை முறையின் வழிகாட்டுதல் சொல்கிறது. அந்த வரம்பை வைக்காமல் மாஸ்கோவைப் பிடிப்பது வீண்.

இரண்டாவது பெயர், இன்டர்காம் என்ற மென்பொருள் நிறுவனத்திலிருந்து வந்த ரைஸ் (RICE). இது கணக்குப் போடும். எத்தனை பேருக்குப் போய்ச் சேரும், எவ்வளவு தாக்கம், நமக்கு எவ்வளவு நம்பிக்கை, மூன்றையும் பெருக்கி உழைப்பால் வகுக்க வேண்டும். எக்செல் பட்டனுக்கு மாதம் 300 பேர், தாக்கம் 0.5, நம்பிக்கை 80 சதவீதம், உழைப்பு ஒரு ஆள்-மாதம் என்று போட்டால் 120. பாக்கி வரிக்கு 60 பேர், தாக்கம் 3, நம்பிக்கை 100, உழைப்பு ஒன்றரை என்று போட்டால் அதுவும் 120! கடைக்குப் போகாமல் இருந்திருந்தால் நம்பிக்கை 50தான் போட்டிருப்பேன், மதிப்பெண் 60 ஆகி வரி தோற்றிருக்கும். எனக்கு ரைஸ் பிடிப்பது இந்த ஒரு காரணத்துக்காக. நாம் எதை ஊகிக்கிறோம், எதைக் கண்ணால் பார்த்தோம் என்பதை அது தனியாக எழுத வைக்கிறது. கடைசியில் வரும் எண்ணை வைத்துச் சண்டை போடுவதில் பயனில்லை.

கண்டுபிடித்து, வரிசைப்படுத்திய பிறகு மூன்றாவது வேலை, வசதியை விவரித்து எழுதுவது. பெரும்பாலான குழுக்கள் சறுக்குவது இங்கேதான். 'பில் போடுபவராக எனக்குப் பழைய பாக்கி தெரிய வேண்டும்' என்று தேவையை ஒரே வரியில் சொல்லும் பயனர் கதை ஒரு அட்டையில் அடங்கும். அந்த அட்டை பேச்சைத் தொடங்கி வைக்கத்தான். பேச்சு நடக்காமல் அதுவே விவரிப்பாகிவிட்டால் சிக்கல்.

இதற்கு எதிர்முனையில் பைத்தான் நிரல்மொழியின் பெப் ஆவணங்கள், அதாவது மொழியில் மாற்றம் கேட்டு விரிவாக எழுதும் முன்மொழிவுகள். ஒரு மதிப்பைப் பார்த்துப் பல வழிகளில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் 'ஸ்விட்ச்' பைத்தானில் இல்லை என்ற குறை பழையது. 2001-இலேயே ஒரு முன்மொழிவு, 2006-இல் பைத்தானை உருவாக்கிய கைடோ வான் ரோசம் எழுதிய பெப் 3103. 2007-இல் பைத்தான் மாநாடான பைக்கானில் தன் உரையின் நடுவே அவர் வாக்கெடுப்பு நடத்தினார், ஆதரவு இல்லை, தன் முன்மொழிவைத் தானே நிராகரித்தார். 2020-இல் பெப் 622 வேறொரு கோணத்தில் வந்தது: மதிப்பை மட்டுமல்ல, தரவின் அமைப்பையே பொருத்திப் பார்க்கும் 'மேட்ச்'. ஒரே ஆவணமாக அது தாங்கவில்லை. மூன்றாகப் பிரித்தார்கள்: 634 விவரிப்பு, 635 காரணம், 636 பயிற்சி. 2021 அக்டோபரில் பைத்தான் 3.10-இல் வசதி வந்தது.

பில்லிங் மென்பொருளுக்கு மூன்று ஆவணம் அதிகம்தான். ஆனால் பெப்பிலிருந்து ஒரு பகுதியை நான் விடவே மாட்டேன்: நிராகரித்த யோசனைகள். பாக்கி வரிக்கு நாங்கள் எழுதியது ஒன்றரைப் பக்கம். வங்கியில் போட்டு இன்னும் பணமாகாத காசோலையைக் கழிப்பதா? கழிக்கக் கூடாது, தனியாகக் காட்ட வேண்டும். ஒரே பெயரில் இரண்டு முருகன் இருந்தால்? போன் நம்பரின் கடைசி நான்கு இலக்கம். எதிரில் நிற்பவருக்கும் திரை தெரியுமே? தொகை மறைந்தே இருக்கும், ஒரு கீயை அழுத்தினால் மட்டும் தெரியும். இந்த மூன்றையும் அட்டை கேட்டிருக்காது.

நிராகரித்ததில் முதல் வரி: 'வரம்பைத் தாண்டினால் பில்லைத் தடுப்பது.' பக்கத்தில் காரணம்: 'பத்து வருட வாடிக்கையாளருக்கு இல்லை என்று சொல்வது முதலாளியின் முடிவு, மென்பொருள் சொல்லக் கூடாது.' நாலு மாதம் கழித்துக் குழுவில் புதிதாகச் சேர்ந்த தம்பி அதே யோசனையோடு உற்சாகமாக வந்தார். அந்த வரியைக் காட்டினேன். படித்துவிட்டு, "சரிண்ணா, தடுக்க வேண்டாம், தொகையைச் சிவப்புல காட்டலாமா?" என்றார். அதை இந்த வாரம் அக்காவிடம் காட்டப் போகிறோம்.