டிபார்ட்மென்ட் ஒஃப்… எந்த டிபார்ட்மென்ட்? என் வங்கியின் கார்ட் ஸ்டேட்மென்டும் ஹொட்லைனும்

மட்டக்களப்பு டவுனில் கிளை வைத்திருக்கும் ஒரு தனியார் வங்கியின் கிரெடிட் கார்டை ஆறு வருடமாகப் பாவிக்கிறேன். வங்கியின் பெயரைப் போடவில்லை, கடைசியில் எனக்கு உதவி செய்த பிள்ளைக்கு என்னால் ஒரு வில்லங்கமும் வரக்கூடாது. கடையில் தேய்ப்பதற்கோ கழிவுகளுக்கோ நான் குறை சொல்லப் போவதில்லை, அதெல்லாம் எல்லா வங்கியிலும் ஒரே மாதிரித்தான். நான் சொல்ல வந்தது ஸ்டேட்மென்டில் தெரியாத ஒரு வரி வந்தால் இவர்கள் எப்படி நடந்துகொள்கிறார்கள் என்பதைப் பற்றி.

போன மாதம் ஒரு சனிக்கிழமை இரவு, சாப்பிட்டுவிட்டு போனில் ஸ்டேட்மென்டைத் திறந்தேன். பெற்றோல், பலசரக்கு, அம்மாவின் பிரஷர் குளிசை, எல்லாம் தெரிந்த வரிகள். நடுவில் ஒன்று, ஆங்கிலத்தில் ‘டிபார்ட்மென்ட் ஒஃப்’ என்று தொடங்கி அதோடு முடிந்திருந்தது. பக்கத்தில் பத்தரமுல்லை, அதற்குப் பக்கத்தில் எல்கே. இரண்டாயிரத்து அறுநூற்றுச் சொச்சம். திகதி 12.

12ஆம் திகதி நான் காலையிலிருந்து இரவு வரை அம்பாறையில் வேலையில் நின்றேன், போனைக்கூட ஒழுங்காகப் பார்க்கவில்லை. பத்தரமுல்லைக்கு நான் போய் நாலு வருடம் இருக்கும். சரி, அரசாங்கத்துக்குத்தானே போயிருக்கிறது, எந்தத் திணைக்களம் என்று கண்டுபிடிப்போம் என்று பார்த்தால் அங்கேதான் மாட்டிக்கொண்டேன், ஏனென்றால் பரீட்சைத் திணைக்களம் இருப்பது பத்தரமுல்லை பெலவத்தையில், பதிவாளர் நாயகம் திணைக்களம் பத்தரமுல்லையில், குடிவரவு குடியகல்வுத் திணைக்களம் பத்தரமுல்லை சுஹுருபாயவில், ஆட்பதிவுத் திணைக்களமும் அங்கேதான். எல்லாமே ஆங்கிலத்தில் ‘டிபார்ட்மென்ட் ஒஃப்’ என்றோ ‘டிபார்ட்மென்ட்’ என்றோதான் தங்களைச் சொல்லிக்கொள்ளும். ஊரின் பெயரைப் போட்டு வங்கி எனக்கு ஒரு உதவியும் செய்யவில்லை.

இந்தப் பெயர் ஏன் அரைகுறையாக வருகிறது என்று பிறகுதான் விளங்கியது. கார்ட் வலையமைப்பில் ஒரு கொடுப்பனவு போகும்போது காசைப் பெறுபவரின் பெயருக்கு 25 எழுத்து, ஊருக்கு 13 எழுத்து, நாட்டுக்கு 2 எழுத்து என்றுதான் இடம் ஒதுக்கியிருக்கிறார்கள். ‘டிபார்ட்மென்ட் ஒஃப்’ என்பதே ஆங்கிலத்தில் இடைவெளியோடு 14ஐத் தின்றுவிடும். மிச்சம் 11. அந்தப் பதினொன்றையும் என் வங்கியின் பிடிஎஃப் வெட்டி எறிந்திருக்கிறது, நிரல் அகலம் போதவில்லையாம். வங்கியின் விளம்பரத்துக்கு மட்டும் அதே பக்கத்தில் அரைப்பக்கம் இடம் இருக்கிறது.

ஹொட்லைனுக்கு அடித்தேன். தமிழுக்கு 2. பதினாலு நிமிடம் பாட்டுக் கேட்டேன். வந்த தம்பி நான் வசனத்தை முடிக்க முதலே, “சேர், உங்களுக்குத் தெரியாத ட்ரான்ஸாக்ஷன் எண்டா கார்ட ப்ளொக் பண்றதுதான் சேஃப்” என்றார். புதுக் கார்டுக்குக் கட்டணம் உண்டு, மட்டக்களப்புக்கு வந்து சேர ஏழு வேலை நாள். யாரிடம் காசு போனது என்று பார்த்துச் சொல்ல முடியுமா என்று கேட்டேன், ஸ்டேட்மென்டில் உள்ளதுதான் தனக்கும் தெரிகிறது என்றார். அவரில் பிழையில்லை, அவருக்கு முன்னால் இருக்கும் காகிதத்தில் அப்படித்தான் எழுதியிருக்கும். ஆனால் எல்லாருக்கும் ஒரே மருந்து கொடுக்கிற டாக்டரிடம் போனது போல இருந்தது. ப்ளொக் பண்ணாமல் வைத்துவிட்டேன்.

ஞாயிறு காலை திரும்ப அடித்தபோது ஒரு பிள்ளை எடுத்தா, பேச்சில் எங்கட பக்கத்து வாடை. இந்த விமர்சனத்தில் உள்ள நல்ல புள்ளி முழுக்க அவவுக்குத்தான். அவ மூன்று விசயம் பார்த்துச் சொன்னா.

முதலாவது, 12 என்பது வங்கிக் கணக்கில் பதிந்த திகதி. கார்டில் காசு கட்டிய திகதி 9, வெள்ளிக்கிழமை, இரவு எட்டே முக்கால். இடையில் வார இறுதி வந்ததால் திங்களுக்குத் தள்ளிப்போயிருக்கிறது. நான் பிழையான நாளைப் பிடித்துக்கொண்டு அம்பாறையில் நின்ற கதையைச் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன்.

இரண்டாவது, காசைப் பெறுபவரின் வகைக் குறியீடு 9399. வரி கட்டினால் 9311, தண்டப்பணம் என்றால் 9222, நீதிமன்றச் செலவு 9211. 9399 என்பது இவற்றில் எதிலும் அடங்காத மற்ற அரச சேவைகள். ஆக ட்ரஃபிக் ஃபைனும் இல்லை, வரியும் இல்லை. ஏதோ பத்திரம், சான்றிதழ் வகை. இந்த நாலு இலக்கத்தை ஸ்டேட்மென்டில் அச்சடித்தால் எவ்வளவு கோல் குறையும்! கேட்டேன், சிரித்தா.

மூன்றாவதுதான் ஆளை உட்கார வைத்தது. “சேர், இது ஓடிபி அடிச்சுப் போன பேமென்ட். உங்கட இந்த நம்பருக்குத்தான் மெசேஜ் வந்திருக்கு. வீட்ட ஒருக்காக் கேட்டுப் பாருங்க.” அதைச் சொன்ன கையோடு, யாராவது போனில் கேட்டு நீங்கள் ஓடிபி சொல்லிக் கொடுத்தீர்களா என்றும் விசாரித்தா, ஏனென்றால் அப்படிச் சொல்லிக் கொடுத்து ஏமாந்தாலும் கணக்கில் இதே மாதிரித்தான் தெரியுமாம்.

போனை வைத்துவிட்டு எஸ்.எம்.எஸ். பெட்டியைக் கிண்டினேன். டேட்டா பக்கேஜ் விளம்பரம், ரீலோட் விளம்பரம், புடவைக்கடைக் கழிவு, இவற்றுக்கு நடுவில் 9ஆம் திகதி 8.46க்கு ஒரு ஆறு இலக்கம், அதில் தொகையும் முழுப் பெயரும். பரீட்சைத் திணைக்களம். வெட்டுப்படாமல். ஸ்டேட்மென்டில் இல்லாதது ஐந்து நிமிடத்தில் காலாவதியாகிற மெசேஜில் இருக்கிறது.

“இஞ்ச, இது என்ன?” என்று மனைவியிடம் காட்டினேன். அவ திரும்பிக்கூடப் பார்க்காமல் சொன்னா, “உங்கட மருமகன்தான். கட்டாருக்குப் போக ஓஎல், ஏஎல் பேப்பர் எடுக்கணும் எண்டு அண்டைக்கு மழைக்குள்ள வந்தவன். நீங்கதானே கார்ட எடுத்துக் குடுத்தீங்க, மறுகா கிரிக்கட் பாத்திங்க. நம்பர் நான்தான் வாசிச்சன்.” எனக்கு மழை ஞாபகம் இருந்தது, மேட்ச் ஞாபகம் இருந்தது, கார்ட் மட்டும் இல்லை.

வெளிநாட்டு வேலைக்குப் போகிறவர்கள் வீட்டில் இது சாதாரணம். பெறுபேற்றுச் சான்றிதழை இணையத்தில் விண்ணப்பித்து கார்டில் கட்டலாம், இல்லாவிட்டால் கொழும்பு பஸ்ஸில் ஏறவேண்டும். அந்தச் சேவைக்கு நான் முழுப் புள்ளி போடுவேன். உங்களுக்கும் இப்படி ஒரு வரி வந்து வீட்டிலும் யாரும் ஒத்துக்கொள்ளாவிட்டால், பரீட்சைத் திணைக்களத்துக்கு 1911 இருக்கிறது, எந்தத் திணைக்களம் என்றே தெரியாவிட்டால் அரசாங்கத் தகவல் நிலையத்தின் 1919இல் அந்தந்த இடங்களின் இலக்கம் கேட்கலாம். வங்கியே சரியாகப் பதில் தராவிட்டால் மத்திய வங்கிக்கு 1935. வெளிநாட்டு வீசாக் காசு டொலரில் போனால் முத்திரைத் தீர்வை என்று கூட ஒரு வரி வரும், அதுவும் அரசாங்கக் கட்டணம்தான், தனியாக யாரும் களவெடுக்கவில்லை. 2025 பெப்ரவரியில் தொடங்கிய கவ்பே என்ற அரசாங்கக் கொடுப்பனவு முறையில் கட்டியதைக் கார்ட் ஸ்டேட்மென்டில் தேடாதீர்கள், அது பெரும்பாலும் வங்கிச் செயலி வழியாகக் கணக்கிலிருந்து போவது.

அரசாங்கப் பெயர் இருக்கிறது என்பதற்காக நம்பிவிடவும் வேண்டாம். தபால் திணைக்களத்தின் பெயரில் பார்சல் வந்திருக்கிறது, கார்ட் விபரம் கொடு என்று வரும் போலி மெசேஜ் எங்கள் தெருவிலேயே மூன்று பேருக்கு வந்தது. அப்படி எதிலாவது கார்ட் இலக்கத்தை அடித்திருந்தால் முதல் தம்பி சொன்னதுதான் சரி, உடனே ப்ளொக் பண்ணுங்கள்.

புள்ளி: ஸ்டேட்மென்டுக்கு 5க்கு 1. ஹொட்லைன், சனி இரவு 2, ஞாயிறு காலை 5. கார்டை இப்போதைக்கு மாற்றவில்லை, ஆண்டுக் கட்டணம் ஒக்டோபரில் வரும், அப்போது பார்ப்போம். மருமகன் இன்னும் காசு தரவில்லை.