பழைய பிஎஸ்4ல இடம் பத்தலையா: அழிக்கறதா, வெளிய ஹார்ட் டிஸ்க் மாட்டறதா, உள்ள இருக்கறதையே கழட்டி மாத்தறதா?

எங்க வீட்ல இருக்கறது பிஎஸ்4, அதாவது சோனியோட ப்ளேஸ்டேஷன் 4 கேம் மெஷின், அதுல முதல் மாடல், 500 ஜிபி. 2013 நவம்பர்ல இது வெளிவந்தப்ப 500ங்கறது பெரிய நம்பரா தெரிஞ்சுது. ஆனா சிஸ்டம் தன் பங்க எடுத்துக்கிட்டது போக நம்ம கைக்கு வர்றது கிட்டத்தட்ட 400 தான். ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2ங்கற கேம் ஒண்ணே 100 ஜிபிக்கு மேல முழுங்கிடும், அது ரெண்டு டிஸ்க்ல வரும், அதுல ஒரு டிஸ்க் இன்ஸ்டால் பண்றதுக்கு மட்டும்தான். கால் ஆஃப் டியூட்டி மாடர்ன் வார்ஃபேர் 2019ல வந்து அப்டேட் மேல அப்டேட்டா வீங்கி, 2021 தொடக்கத்துல அத வெளியிட்ட ஆக்டிவிஷன் கம்பெனியே சொல்லிட்டாங்க, 500 ஜிபி பிஎஸ்4 வச்சிருக்கறவங்க இதையும் பிளாக் ஆப்ஸ் கோல்ட் வாரையும் முழுசா சேர்த்து வச்சுக்கணும்னா இடம் ஒதுக்க வேண்டியிருக்கும்னு. ரெண்டே ரெண்டு கேமுக்கு இந்த நிலைமை.

"கேம் டிஸ்க் வாங்கித்தானே போடறேன், அப்புறம் ஏன் இடம் போகுது"ன்னு நிறைய பேர் கேக்கறாங்க, நியாயமான கேள்விதான். பிஎஸ்4ல டிஸ்க்ல இருக்கற மொத்த டேட்டாவும் ஹார்ட் டிஸ்க்குக்கு காப்பி ஆயிடும், கேம் ஓடறது அங்கேர்ந்துதான். அதுக்கப்புறம் டிஸ்க்கோட வேலை வீட்டு சாவி மாதிரி, உள்ள இருக்கணும், அவ்வளவுதான். அதனால டிஸ்க்ல வாங்கினாலும் ஸ்டோர்ல டவுன்லோட் பண்ணாலும் இடம் ஒரே அளவுதான் போகும்.

இன்னொரு விஷயம், இதுதான் ரொம்ப பேரை குழப்புது. 20 ஜிபி காலியா இருக்கு, 2 ஜிபி அப்டேட் வருது, ஆனா இடம் பத்தலன்னு மெசேஜ் வருது. பொய் சொல்லல அது. பிஎஸ்4 அப்டேட்ட டவுன்லோட் பண்ணி பழைய கேம் மேல அப்படியே ஒட்டறதில்ல, பல கேமுக்கு மொத்த கேமையும் புதுசா ஒரு காப்பி எடுத்து, அதுல அப்டேட்ட சேர்த்து, அப்புறம்தான் பழசை தூக்கும். டவுன்லோட் முடிஞ்சும் "காப்பியிங்"னு ரொம்ப நேரம் ஓடுதே, அது இந்த வேலைதான். 50 ஜிபி கேமுக்கு குட்டி அப்டேட் வந்தாலும் அந்த நேரத்துக்கு இன்னொரு 50 ஜிபி காலி இருக்கணும்னு எதிர்பாக்கும். அதனால 500 ஜிபி மெஷின்ல நீங்க நிம்மதியா நிரப்பக்கூடியது 300 சொச்சம்தான்னு வச்சுக்கங்க. இத மனசுல வச்சுக்கிட்டு மூணு வழியையும் பாப்போம்.

அழிக்கறது

காசு செலவே இல்லாத வழி, அதனால எல்லாரும் முதல்ல இங்கதான் வருவாங்க. செட்டிங்ஸ்ல ஸ்டோரேஜ் போனா அப்ளிகேஷன், கேப்சர் கேலரி, சேவ்டு டேட்டா, தீம்ஸ்னு பிரிச்சு காட்டும். கேப்சர் கேலரிய மொதல்ல திறங்க. ஷேர் பட்டன தெரியாம தட்டித்தட்டி சேர்ந்த வீடியோவும், டிராஃபி கிடைக்கறப்பல்லாம் தானா எடுத்த ஸ்க்ரீன்ஷாட்டும் வருஷக்கணக்கா அங்க கிடக்கும், எங்க மெஷின்ல பல ஜிபி அப்படித்தான் போயிருந்துது. வேணுங்கறத பென் டிரைவுக்கு மாத்திட்டு மிச்சத்த அழிச்சிடலாம்.

சேவ்டு டேட்டால மட்டும் கை வைக்காதீங்க. அங்க இருக்கறது கொஞ்சம் ஜிபிதான், ஆனா உங்க இத்தனை வருஷ ஆட்டமும் அதுலதான் இருக்கு. கேம அழிச்சா சேவ் போகாது, ரெண்டும் தனித்தனி, அதனால தைரியமா கேம அழிக்கலாம். திரும்ப இன்ஸ்டால் பண்ணா விட்ட இடத்துலேர்ந்தே ஆரம்பிக்கும்.

சிக்கல் திரும்ப இன்ஸ்டால் பண்றதுலதான். ஒரு 50 ஜிபி டிஸ்க் காப்பி ஆகவே அரை மணி நேரத்துக்கு மேல ஆகும், அதோட டிஸ்க்ல இருக்கறது அது அச்சடிச்ச அன்னிக்கு இருந்த வெர்ஷன், அதுக்கப்புறம் வந்த அப்டேட் எல்லாத்தையும் நெட்லதான் இறக்கணும். மாசத்துக்கு இவ்வளவுதான்னு டேட்டா லிமிட் இருக்கற பிளான்லயோ மொபைல் ஹாட்ஸ்பாட்லயோ ஓட்டறவங்களுக்கு ஒரு பெரிய கேம ரெண்டு தடவ இறக்கினாலே அந்த மாசம் முடிஞ்சது. ஒரு நேரத்துல ஒரே கேம், அதையும் முடிச்சுட்டுத்தான் அடுத்ததுன்னு ஆடறவங்களுக்கு இந்த வழி போதும். வீட்ல ரெண்டு மூணு பேர் ஆளுக்கொரு கேம் ஆடறீங்கன்னா இது தினம் சண்டைதான்.

சேஃப் மோடுல இருக்கற ரீபில்ட் டேட்டாபேஸ பத்தியும் கேப்பாங்க. மெஷின் ஆஃப்ல இருக்கறப்ப பவர் பட்டன ஒரு 7 செகண்ட் அழுத்தி, ரெண்டாவது பீப் வந்ததும் விட்டா சேஃப் மோடு வரும், கன்ட்ரோலர ஒயர் போட்டு கனெக்ட் பண்ணிக்கணும், அதுல 5வது ஆப்ஷன். எதையும் அழிக்காது, மெனு திக்கித்திணறி ஓடறது சரியாகும், வருஷத்துக்கு ரெண்டு தடவ பண்றது நல்லது. ஆனா இடம் கிடைக்கும்னு நம்பி பண்ணாதீங்க.

வெளிய மாட்டறது

2017 மார்ச்ல வந்த 4.50 அப்டேட்லேர்ந்துதான் பிஎஸ்4ல யூஎஸ்பி ஹார்ட் டிஸ்க்ல கேம வச்சு நேரா ஆட முடியுது. யூஎஸ்பி 3.0 இருக்கணும், 250 ஜிபிலேர்ந்து 8 டிபி வரைக்கும் எடுத்துக்கும். மாட்டி, செட்டிங்ஸ்ல எக்ஸ்டெண்டட் ஸ்டோரேஜா ஃபார்மேட் பண்ணா அஞ்சு நிமிஷம் கூட ஆகாது, அதுல இருந்த கல்யாண வீடியோ எல்லாம் போயிடும்ங்கறத மட்டும் முன்னாடியே பாத்துக்கங்க. ஃபார்மேட் ஆனதுக்கப்புறம் கம்ப்யூட்டர்ல போட்டாலும் படிக்காது, அது பிஎஸ்4க்குன்னே ஆயிடுச்சு.

கேம உள்ளேர்ந்து வெளிய மாத்தறது டவுன்லோட விட பல மடங்கு வேகம். லோடிங் டைம் உள்ள இருக்கற பழைய டிஸ்க் அளவுக்குத்தான் இருக்கும், சில கேம்ல கொஞ்சம் பரவால்ல. நண்பர் வீட்டுக்கு டிஸ்க்க தூக்கிட்டுப் போய் அங்க இருக்கற பிஎஸ்4ல மாட்டி, உங்க அக்கவுன்ட்ல லாகின் பண்ணி ஆடலாம், இது எனக்கு ரொம்ப பிடிச்ச விஷயம்.

குறைகளும் இருக்கு. ஒரு நேரத்துல ஒரு எக்ஸ்டெண்டட் டிஸ்க்தான் மாட்ட முடியும், ஹப் வழியா மாட்டினா ஏத்துக்காது, நேரா போர்ட்லதான். முன்னாடி இருக்கறதே ரெண்டு போர்ட், அதுல ஒண்ணு நிரந்தரமா போச்சு. சேவ் ஃபைலும் ஸ்க்ரீன்ஷாட்டும் எப்பவும் உள்ள இருக்கற டிஸ்க்லதான் இருக்கும், அதனால உள் டிஸ்க் செத்தா வெளிய இருக்கற கேம் பொழைக்கும், உங்க சேவ் பொழைக்காது.

எங்க ஊர் மாதிரி திடீர் திடீர்னு கரண்ட் போற இடத்துல இன்னொரு தொல்லை. முழுசா ஆஃப் பண்ணாம ரெஸ்ட் மோடுல (பாதி தூக்கத்துல) விட்டுட்டு தூங்கினா அப்பவும் அந்த டிஸ்க் ஓட்டத்துலதான் இருக்கும், கரண்ட் போய் வந்தா அடுத்த தடவ ஆன் பண்றப்ப டிஸ்க்க சரியா நிறுத்தலன்னு சொல்லி ரிப்பேர் ஓட்டும். பெரும்பாலும் சரியாயிடும், ஆனா அப்டேட் காப்பி ஓடிட்டிருக்கற நேரம் பாத்து போனா அந்த கேம அழிச்சு மறுபடி போட வேண்டி வரலாம். சின்ன யுபிஎஸ் இருந்தா நிம்மதி, இல்லன்னா ரெஸ்ட் மோடு வேண்டாம், முழுசா ஆஃப் பண்ணிடுங்க.

உள்ள இருக்கறதையே மாத்தறது

இதுக்கு பயப்படறவங்கதான் அதிகம், ஆனா சோனியே மேனுவல்ல படம் போட்டு அனுமதிச்ச வேலை இது. முதல் மாடல்ல மேல இடது பக்கம் பளபளன்னு இருக்கற பகுதிய அப்படியே பக்கவாட்டுல தள்ளினா கழண்டு வந்துடும். உள்ள முக்கோணம், வட்டம், பெருக்கல், சதுரம் அச்சடிச்ச ஒரே ஒரு ஸ்க்ரூ, அத கழட்டினா டிஸ்க் ஒரு தகர சட்டத்தோட இழுத்தா வந்துடும். சட்டத்துல நாலு ஸ்க்ரூ. இந்த நாலுதான் சோதனை, தலை மெத்து மெத்துன்னு இருக்கும், சைஸ் தப்பான ஸ்க்ரூ டிரைவர் போட்டு ஒரு தடவ வழுக்கிச்சுன்னா தலை மழுங்கிடும், அதுக்கப்புறம் அத எடுக்கறது பெரும்பாடு. சரியான ஸ்டார் டிரைவர வச்சு நல்லா கீழ அழுத்தி, மெதுவா திருப்புங்க. பிஎஸ்4ல பின்னாடி வந்த ஸ்லிம், ப்ரோ மாடல்கள்ல பின்பக்க மூலைல சின்ன மூடி, இன்னும் சுலபம்.

வாங்கறப்ப பாக்க வேண்டியது 2.5 இன்ச் சாட்டா (டிஸ்க்க மெஷினோட இணைக்கற முறையோட பேர்), தடிமன் 9.5 எம்எம்முக்கு மேல போகக்கூடாது. கம்ப்யூட்டருக்குன்னு விக்கற 4 டிபி 2.5 இன்ச் டிஸ்க் நிறைய 15 எம்எம் வரும், அது உள்ள நுழையவே நுழையாது. 2 டிபி 7 எம்எம்ல கிடைக்குது. எஸ்எஸ்டி, அதாவது உள்ள சுத்தற தட்டு இல்லாத வேகமான டிஸ்க், 2.5 இன்ச்ல பெரும்பாலும் 7 எம்எம்தான், பிரச்சனையில்ல. சென்னைல இருக்கறவங்க ரிச்சி ஸ்ட்ரீட்ல கேட்டா லேப்டாப் எஸ்எஸ்டின்னே எடுத்துக் குடுப்பாங்க, 2.5 இன்ச் சாட்டாவான்னு மட்டும் உறுதி பண்ணிக்கங்க, எம்.2ன்னு குச்சி மாதிரி ஒண்ணு குடுத்தா அது இதுக்கு ஆகாது.

முதல் மாடல்லயும் ஸ்லிம்லயும் சாட்டா 2 வேகம்தான், அதனால எஸ்எஸ்டியோட முழு வேகம் வெளிய வராது. இருந்தாலும் வித்தியாசம் கண்ணுக்கு தெரியும், ஜிடிஏ 5 ஆரம்பிக்கறதுக்குள்ள நான் முன்னாடி ஒரு டீ போட்டு எடுத்துட்டு வந்துடுவேன், இப்ப பால் கூட காயறதில்ல. மெனு சட்டு சட்டுன்னு வருது. வெளிய டிஸ்க் மாட்டினா கிடைக்காத லாபம் இது, ஏன்னா சிஸ்டமே எஸ்எஸ்டில ஓடுது.

ஆனா வேலை அதிகம். புது டிஸ்க்ல ஒண்ணுமே இருக்காது, சோனி சைட்லேர்ந்து ரீஇன்ஸ்டால் ஃபைல எடுக்கணும், சாதாரண அப்டேட் ஃபைல் இல்ல, 1 ஜிபிக்கு மேல இருக்கற பெருசு. பென் டிரைவ எக்ஸ்ஃபேட்டுலயோ ஃபேட் 32லயோ ஃபார்மேட் பண்ணி (என்டிஎஃப்எஸ்னா பிஎஸ்4 கண்டுக்காது), அதுல பிஎஸ்4ன்னு ஒரு ஃபோல்டர், அதுக்குள்ள அப்டேட்னு ஒரு ஃபோல்டர், ரெண்டு பேரும் ஆங்கில கேபிடல் எழுத்துல, அதுக்குள்ள ஃபைல். அப்புறம் சேஃப் மோடுல 7வது ஆப்ஷன். ஒரு சாயங்காலம் முழுசா ஒதுக்கிக்கங்க.

இங்கதான் நான் பெரிய தப்பு பண்ணேன், உங்களுக்கு நடக்கக்கூடாதுன்னுதான் இவ்வளவு நீளமா எழுதறேன். மாத்தறதுக்கு முன்னாடி என் சேவ் எல்லாத்தையும் பென் டிரைவுக்கு காப்பி பண்ணேன். பிஎஸ்4ல அந்த காப்பி லாகின்ல இருக்கற யூசருக்கு மட்டும்தான். தம்பி தனி யூசர்ல ஆடறான், அவனோடது எடுபடலைன்னு எனக்கு தோணவே இல்ல. எஸ்எஸ்டி ஓட ஆரம்பிச்ச சந்தோஷத்துல பழைய டிஸ்க்க அன்னிக்கு ராத்திரியே ஃபார்மேட் பண்ணிட்டேன். மறுநாள் அவன் கிரிக்கெட் 19ஐ திறந்து, "அண்ணே, என் கேரியர் எங்க"ன்னு கேட்டான். கிளப் ஆட்டத்துலேர்ந்து ஆரம்பிச்சு டெஸ்ட் டீம் வரைக்கும் மாசக்கணக்கா கொண்டு வந்த ஆளு. ஒண்ணும் சொல்லல, கன்ட்ரோலர வச்சிட்டு எழுந்து போயிட்டான். இன்னிக்கு வரைக்கும் எனக்கு அது உறுத்துது.

அதனால யூசர் யூசரா காப்பி பண்றத விட, செட்டிங்ஸ்ல சிஸ்டத்துக்குள்ள பேக்கப் அண்ட் ரீஸ்டோர் இருக்கு, அத பண்ணுங்க. எல்லா யூசரோட சேவும் சேர்ந்து வரும், அப்ளிகேஷன்ங்கற டிக்க எடுத்துட்டா அளவும் சின்னதாயிடும். டிராஃபி மட்டும் இதுல வராது, முன்னாடியே நெட்ல சிங்க் பண்ணிடணும். சோனியோட பிஎஸ் பிளஸ் சந்தா இருந்தா கிளவுட்ல 100 ஜிபி வரைக்கும் சேவ் வைக்கலாம், அது கூடுதல் பாதுகாப்பு. பழைய டிஸ்க்க குறைஞ்சது ஒரு மாசம் தொடாம அப்படியே வைங்க. ஏதாவது விட்டுப் போச்சுன்னா அதே மெஷின்ல திரும்ப மாட்டி எடுத்துக்கலாம், வேற எந்த மெஷின்லயும் அது படிக்காது.

அப்ப எது?

வெளிய எஸ்எஸ்டி மாட்டலாமான்னு கேட்டா, ஆடற கேமோட லோடிங்ல உள்ள மாட்டற எஸ்எஸ்டிக்கு பக்கத்துல வந்துடும், மெஷின கழட்ட வேண்டாம், மெனு மட்டும் பழைய வேகம்தான். ஸ்க்ரூ டிரைவரே பிடிக்க மாட்டேன்ங்கறவங்களுக்கு நல்ல வழி.

ஜிபிக்கு எவ்வளவு காசுன்னு பாத்தா சாதாரண 2 டிபி வெளி ஹார்ட் டிஸ்க்க எதுவும் தாண்டாது. குழந்தைங்க ஆடற வீடு, பத்து கேம் எப்பவும் ரெடியா இருக்கணும், வேகம் பெரிசில்லன்னா யோசிக்காம அத வாங்குங்க. மெஷினுக்கு ஏழெட்டு வயசு ஆச்சு, உள்ள இருக்கற டிஸ்க் கரகரன்னு சத்தம் போடுது, கேம் நடுவுல உறையுதுன்னா வெளிய எத்தனை டிபி மாட்டியும் புண்ணியமில்ல, உள்ள மாத்தித்தான் ஆகணும், சாகறதுக்கு முன்னாடி மாத்தினாதான் சேவ் கையில வரும்.

நான் கடைசில வந்து நின்னது ரெண்டும் சேர்ந்த வழி. உள்ள 500 ஜிபி எஸ்எஸ்டி, வெளிய அந்த பழைய 500 ஜிபி டிஸ்க்கே, ஒரு யூஎஸ்பி 3.0 கேஸ் வாங்கி அதுல போட்டேன், 250க்கு மேல இருக்கறதால எக்ஸ்டெண்டட் ஸ்டோரேஜா ஏத்துக்குச்சு. இப்ப ஆடிட்டிருக்கற ரெண்டு மூணு பெரிய கேம் எஸ்எஸ்டில, மிச்சமெல்லாம் வெளிய, மாத்தி மாத்தி வச்சுக்கறோம். நல்ல நிலைமைல இருக்கற டிஸ்க்குன்னா மட்டும் இப்படி பண்ணுங்க.

மைக்ரோசாஃப்டோட எக்ஸ்பாக்ஸ் ஒன் கேம் மெஷின் வச்சிருக்கறவங்களுக்கு இவ்வளவு யோசனை தேவையில்ல, 2014 ஜூன்லேர்ந்தே யூஎஸ்பி 3.0 டிஸ்க் மாட்டலாம், 256 ஜிபிக்கு மேல இருந்தா போதும், உள்ள இருக்கறத மாத்தறது அங்க வாடிக்கையாளர் பண்ற வேலையே இல்ல.

இன்னும் முடிவு பண்ண முடியலன்னா ஒரு கணக்கு. பிஎஸ்5 எப்பவாவது வாங்கற எண்ணம் இருக்கா? பிஎஸ்4ல மாட்டின எக்ஸ்டெண்டட் டிஸ்க்க அப்படியே பிடுங்கி பிஎஸ்5ல மாட்டினா உள்ள இருக்கற பிஎஸ்4 கேம் எல்லாம் ஃபார்மேட் கூட பண்ணாம ஓடும், டிஸ்க் கேமா இருந்தா டிஸ்க் போடற பிஎஸ்5 வேணும், சேவ மட்டும் தனியா பென் டிரைவ்லயோ கிளவுட்லயோ கொண்டு போகணும். உள்ள மாட்டின எஸ்எஸ்டி அந்த மாதிரி கூட வராது, பழைய மெஷினோடயே நின்னுடும்.