ஹியூமிடிஃபையரோடு இரண்டு வருடம்

காலையில் எழுந்தால் தொண்டை காய்ந்து, எச்சில் விழுங்கவே எரியும். ஏசி போட்டுத் தூங்கிய நாட்களில்தான் இப்படி. ஏசி அறையை உலர்த்திவிடுகிறது என்று நானே முடிவு கட்டி, ஒரு அல்ட்ராசோனிக் ஹியூமிடிஃபையர் வாங்கினேன். தண்ணீரை அதிரவைத்து, நுண்ணிய பனிபோல ஊதி அறைக்கு ஈரம் ஏற்றும் கருவி அது. எதையும் அளந்து பார்க்காமல் வாங்கியதுதான் தப்பு.

முதல் வாரம் சுகமாகத்தான் இருந்தது. அப்புறம் மேசை, அலமாரி, கைப்பேசி என்று எல்லாவற்றின் மேலும் மாவு தூவியதுபோல வெள்ளைப் படலம். குழாய் நீரில் கரைந்திருக்கும் உப்புகளையும் சேர்த்துத்தான் அந்தக் கருவி ஊதுகிறது. உப்பில்லாத, காய்ச்சி வடித்த டிஸ்டில்டு வாட்டர் ஊற்றினால் படலம் வராது. தினமும் அதற்கு யார் அலைவது? மூன்றாம் மாதம் ஜன்னலோரச் சுவரில் கரும்பூஞ்சை. மூக்கடைப்பும் கூடிவிட்டது.

அதன் பிறகுதான் காற்றின் ஈரப்பதத்தை அளக்கும் ஒரு சின்ன ஹைக்ரோமீட்டர் வந்தது. அதையும் நம்பாமல், சேறுபோல நனைத்த சமையல் உப்போடு மூடிய டப்பாவில் ஓர் இரவு வைத்தேன். அப்படி மூடிய டப்பாவின் காற்றில் ஈரப்பதம் 75%-இல் நிற்கும். மீட்டரும் அதையே காட்ட வேண்டும், 72 காட்டியது. சரி, 3 கூட்டிக்கொள்ளலாம். அப்படிக் கூட்டிப் பார்த்தால், கருவி ஓடும் இரவில் 70ஐத் தாண்டியது. ஏசி மட்டும் ஓடினால் 48. 40 முதல் 60 வரை இருந்தாலே போதும். வறட்சியே இல்லாத அறைக்கு மாதக்கணக்கில் தண்ணீர் ஊற்றியிருக்கிறேன்!

பிறகு தொண்டை ஏன் காய்ந்தது? ஏசி காற்று நேராக முகத்தில் அடித்தது. ஃபில்டரில் அப்பிக்கிடந்த தூசியால் மூக்கும் அடைத்துக்கொள்ள, வாயைப் பிளந்து தூங்கியிருக்கிறேன். மூக்கு வழியாகப் போகும் காற்று, தொண்டைக்கு வருவதற்குள் வெதுவெதுப்பாகி ஈரமும் ஏறிவிடும். வாய் வழியாகப் போனால் அந்த ஈரத்தைத் தொண்டைதான் கொடுக்க வேண்டும்.

ஏசியின் காற்றுத் தகட்டைக் கூரைப் பக்கம் திருப்பினேன். 26 டிகிரி. இரண்டு வாரத்துக்கு ஒருமுறை ஃபில்டர் கழுவல். பத்து நாளில் எரிச்சல் கிட்டத்தட்ட நின்றுவிட்டது. செலவே இல்லாத வேலை, கடைசியில்தான் தோன்றியது.

ஹியூமிடிஃபையரைத் தூக்கிப் போடவில்லை. குளிரில் ரூம் ஹீட்டர் ஓடும்போது மீட்டர் 35க்குக் கீழே இறங்கும். அப்போது மட்டும் எடுக்கிறேன், 45 வந்ததும் நிறுத்திவிடுகிறேன். காலையில் தொட்டியைக் கொட்டிக் காயவைப்பது ஒரு தொல்லைதான், ஆனால் தேங்கிய நீரில் வளரும் கிருமியை மூச்சில் இழுக்க எனக்கு விருப்பமில்லை. சளி பிடித்த இரவுகளில் இன்னும் தொண்டை காயத்தான் செய்கிறது.